ஒரு ஆளுக்குத் தொட்டுக்க

ஏற்காட்டில் ஒரு பள்ளி விடுதியின் சமையல்கட்டில் 29 வருஷம் இருந்தேன். 120 பிள்ளைகளுக்குத் துவையல் அரைப்பது எனக்குக் கண்ணை மூடிக்கொண்டு செய்கிற வேலை. ஓய்வு பெற்று வீட்டுக்கு வந்த முதல் வாரம், எனக்கு மட்டும் சௌசௌ துவையல் அரைத்தேன். வாயில் வைக்க முடியவில்லை. உப்பு கரித்தது, புளி தூக்கியது. மிக்ஸி சுற்றவில்லை என்று ஊற்றிய தண்ணீரில் துவையல் குழம்பாகிவிட்டது. ஒருத்திக்குச் சமைக்கப் பழக எனக்கு ஆறு மாதம் ஆயிற்று.

இப்போது எங்கள் தெருவில் தனி அறை எடுத்துத் தங்கியிருக்கும் பிள்ளைகள் நிறைய. எஸ்டேட் ஆபீஸ், ரிசார்ட், பள்ளிக்கூடம் என்று வேலைக்கு மலை ஏறி வந்தவர்கள். ஒரு இண்டக்ஷன் அடுப்பு, ஒரு வாணலி, ஒரு மிக்ஸி, அவ்வளவுதான் குடித்தனம். "ஆயா, தொட்டுக்க என்ன பண்ணலாம்?" என்று சாயங்காலம் வாசலில் வந்து நிற்பார்கள். அவர்களுக்குச் சொல்வதைத்தான் இங்கே எழுதுகிறேன்.

1. நாலு பேர் அளவை நாலால் வகுக்காதே, கண்ணு. எல்லாத் தப்பும் அங்கேதான் தொடங்குகிறது. காயை வகுக்கலாம், உப்பு, புளி, மிளகாயை அப்படி வகுக்க முடியாது. பெரிய அளவில் ஒரு சிட்டிகை கூடினால் யாருக்கும் தெரியாது, அரைக் கிண்ணத்தில் அதே சிட்டிகை ஊரைக் கூட்டும். ஒரு ஆளுக்கு, ஒரு வேளைக்குக் கணக்கு இது: நறுக்கிய காய் 150 கிராம், உளுந்தம்பருப்பு ஒரு டீஸ்பூன், வரமிளகாய் ஒன்று, பூண்டு இரண்டு பல், எண்ணெய் ஒரு டீஸ்பூன், உப்பு கால் டீஸ்பூனுக்கும் கொஞ்சம் குறைவு. புளி சுண்டைக்காய் அளவுக்கு மேல் வேண்டாம். நெல்லிக்காய் அளவு என்று சமையல் புத்தகத்தில் இருந்தால் அது குடும்பத்துக்கு.

உப்பைப் பற்றி இன்னொன்று. ஒரு நாளைக்கு மொத்தம் 5 கிராமுக்குள் இருக்கட்டும் என்கிறது உலக சுகாதார நிறுவனம். தூள் உப்பில் அது ஒரு டீஸ்பூன்கூட நிறையாது. தொட்டுக்கொள்வதிலேயே பாதியைத் தின்றுவிட்டால் சாம்பார் என்ன செய்யும்?

2. சௌசௌவிலிருந்து ஆரம்பி. எங்கள் வீட்டுப் பந்தலில் அது பாட்டுக்குக் காய்த்துத் தொங்குகிறது. கீழே சேலத்தில் இதைப் பெங்களூர் கத்தரிக்காய் என்பார்கள். அது பெங்களூருக்கும் சொந்தமில்லை, கத்தரிக்கும் உறவில்லை. மெக்சிகோ பக்கத்துக் கொடி. மிளகாயும் பட்டர் ஃப்ரூட்டும் அதே திசையிலிருந்து வந்தவைதான். இந்த மலைக்கு வெளியூர்ச் செடி புதிதில்லை. 1820களில் சேலம் கலெக்டராக இருந்த காக்பர்ன் கொண்டுவந்து வைத்த காப்பியில்தான் இன்றைக்கும் பாதி ஏற்காடு சாப்பிடுகிறது.

வாங்கும்போது காயின் அடிப்பக்கத்தைப் பார். அங்கே ஒரு மடிப்பு இருக்கும். மடிப்பு இறுக மூடியிருந்தால் பிஞ்சு. விதை எட்டிப் பார்த்தால் முற்றல், தோல் சீவித்தான் ஆக வேண்டும். பிஞ்சுக்குத் தோல் சீவாதே, துவையலுக்கு ருசி அந்தத் தோலில் இருக்கிறது. விதையையும் எறியாதே, அதுவும் வதங்கும். நறுக்குவதற்கு முன்னால் கையில் ஒரு சொட்டு எண்ணெய் தடவிக்கொள். இல்லாவிட்டால் காயின் பால் கையில் காய்ந்து, பசை பூசிய மாதிரி தோல் இழுக்கும். கழுவினாலும் சீக்கிரம் போகாது.

காயில் நூற்றுக்குத் தொண்ணூறு பங்குக்கு மேல் தண்ணீர். அதை விரட்டுவதுதான் வேலை. சின்ன வாணலியில் எண்ணெய் விட்டு, உளுந்தைப் பொன்னிறமாக வறுத்து, மிளகாயை ஒரு புரட்டு புரட்டி இரண்டையும் எடுத்துவிடு. அதே வாணலியில் பூண்டையும் பொடியாக நறுக்கிய காயையும் போடு. மூடாதே! மூடினால் காய் தன் தண்ணீரிலேயே வெந்து கொழகொழத்துவிடும். முதலில் சத்தம் 'சொய்' என்று ஈரமாக இருக்கும். ஏழெட்டு நிமிஷத்தில் அது அடங்கிப் படபடவென்று மாறும், துண்டுகளின் ஓரம் செம்பழுப்பாகும். அந்தச் சத்தம் மாறுகிற வரைக்கும் அடுப்பை விட்டு நகராதே. இறக்கும்போது புளியை உள்ளே புதைத்து வை, சூட்டில் தானாக இளகும்.

அகல வாணலி வேண்டாம் என்பதற்குக் காரணம் எண்ணெய். அகலத்துக்கு ஏற்ற மாதிரி மூன்று ஸ்பூன் ஊற்றத் தோன்றும். ஒரு டீஸ்பூன் எண்ணெய் ஏறக்குறைய 40 கலோரி. 150 கிராம் சௌசௌ முழுதுமாகச் சேர்ந்தே அதைவிடக் குறைவு.

3. மிக்ஸி சுற்றாது. தெரிந்துகொள். காய் பிளேடுக்கு மேலே ஒட்டிக்கொண்டு நிற்கும், பிளேடு கீழே வெறுங்காற்றில் ஓடும். எல்லாரும் உடனே தண்ணீர் ஊற்றுகிறார்கள். நானும் ஊற்றினேன். அதற்குப் பதில் முதலில் உளுந்து, மிளகாய், உப்பு மூன்றையும் தனியாகக் கொரகொரப்பாகப் பொடி செய். அதன்மேல் ஆறிய காயைப் போட்டு, விட்டு விட்டு நாலு சுற்று. ஒவ்வொரு சுற்றுக்கும் நடுவில் ஸ்பூனால் வழித்துத் தள்ளு. சின்ன சட்னி ஜார்தான் சரி. பொடி அடியில் இருந்தால் காயைக் கவ்வி இழுக்கும்.

இஞ்சி நசுக்குகிற சின்ன இடிகல் இருந்தால் மிக்ஸியே வேண்டாம். இந்த அளவுக்கு அது மூன்று நிமிஷ வேலை, கழுவுவதும் சுலபம்.

4. பாத்திரமே ஒன்றுதான் இருக்கிறது என்றால் கடைசல் செய். நம் சேலம், கொங்குப் பக்கத்துச் சமையலில் ஒரு ஆளுக்கு என்றே பிறந்த பண்டம் அது. அரைக்க வேண்டாம், தாளிப்புகூட விருப்பம்தான். ஒரு கைப்பிடி கீரை அல்லது இரண்டு கத்தரிக்காய், ஒரு தக்காளி, நாலு சின்ன வெங்காயம், ஒரு பச்சை மிளகாய், கொஞ்சம் தண்ணீர். வெந்ததும் மிஞ்சிய தண்ணீரை டம்ளரில் வடித்து வைத்துக்கொண்டு, உப்புப் போட்டு மத்தால் கடை. கெட்டியாக இருந்தால் வடித்ததில் கொஞ்சம் விடு. மிச்சத்தை மிளகு தட்டிப்போட்டுக் குடி.

மண்சட்டியும் மத்தும்தான் இதற்கு முறை. ஆனால் மண்சட்டி இண்டக்ஷனில் சுடாது, இரும்புச் சட்டியில் வேகவைத்து அதிலேயே கடைந்துகொள்ளலாம். நான்ஸ்டிக்கில் மத்தை வைக்காதே.

5. மலையில் பருப்பு வேகாது என்று குறை சொல்லாதே. நாம் சுமார் 1,500 மீட்டர் உயரத்தில் இருக்கிறோம். இங்கே தண்ணீர் 95 டிகிரிக்கே கொதித்துவிடும். எவ்வளவு கொதித்தாலும் அதற்குமேல் சூடு ஏறாது. கடைசலில் பாசிப்பருப்பு சேர்க்கிறாய் என்றால் அரை மணி நேரம் ஊறவை, அல்லது குக்கரில் வை.

6. பட்டர் ஃப்ரூட் சீசனில் மற்ற எல்லாவற்றையும் மறந்துவிடு. ஆடி, ஆவணியில் காப்பித் தோட்டங்களுக்குள் இருக்கும் மரங்களிலிருந்து வந்து குவியும். இது மரத்தில் பழுக்காது. பறித்த பிறகுதான் கனியும், அதனால் கல் மாதிரி இருக்கிறதே என்று பயப்படாமல் வாங்கி அரிசிக்குள் வை. காம்புப் பக்கம் அழுத்தினால் லேசாக அமுங்க வேண்டும். பாதிப் பழம், இரண்டு சின்ன வெங்காயம், எலுமிச்சை, உப்பு, நுணுக்கிய மிளகு. முள்கரண்டியால் மசித்தால் முடிந்தது. வெட்டிய பழம் காற்றுப் பட்டால் கறுக்கும், எலுமிச்சையின் புளிப்பு அதைத் தள்ளிப்போடும். மிச்சப் பாதியில் கொட்டையை விட்டு வைத்தால் கறுக்காது என்பார்கள். கொட்டை மூடியிருக்கிற இடம் மட்டும் கறுக்காது, அவ்வளவுதான்.

மிளகு கடையில் வாங்கிய தூளாக இருக்கக் கூடாது. நம் எஸ்டேட்டுகளில் சில்வர் ஓக் மரத்துக்கு மரம் மிளகுக்கொடி ஏறிக் கிடக்கிறது. இங்கே இருந்துகொண்டு பாக்கெட் தூள் வாங்குவது எனக்குப் பிடிக்கவில்லை.

பட்டர் ஃப்ரூட் சத்து உள்ளதுதான், ஆனால் கொழுப்பும் உள்ளது. 100 கிராமுக்கு 160 கலோரி. பாதி என்று சொன்னால் பாதி.

7. தயிரைத் தொங்கவிடு. ஒரு டம்ளர் தயிரைப் பழைய வேட்டித் துணியில் கட்டி இரண்டு மணி நேரம் குழாயில் மாட்டினால் பாதியாகக் கெட்டிப்படும். அதில் துருவிப் பிழிந்த கேரட்டோ வெள்ளரியோ சேர்த்துக் கடுகு தாளி. பிழியாமல் போட்டால் பத்து நிமிஷத்தில் நீர் விட்டுக்கொள்ளும். உப்பைச் சாப்பிடும்போது போடு. மார்கழிக் குளிரில் தயிர் உறையவில்லை என்றால் பாத்திரத்தைக் கம்பளியில் சுற்றி வை.

8. மயோனைஸ் வேண்டாம். லேக் பக்கத்துக் கடைகளில் எதைக் கேட்டாலும் ஒரு வெள்ளைக் கிண்ணம் கூடவே வருகிறது. பச்சை முட்டையில் செய்த மயோனைஸுக்கு 2025 ஏப்ரல் 8 முதல் ஒரு வருஷத்துக்குத் தமிழ்நாடு அரசு தடை போட்டது, கிருமிப் பயத்தினால்தான். முட்டை இல்லாதது என்று சொன்னாலும் அதில் எண்ணெய் நிறைய. வாய்க்கு அந்த வழவழப்புத்தான் வேண்டும் என்றால் ஏழாவதைத் திரும்பப் படி.

9. எதைத் தொட்டுச் சாப்பிடுகிறாய் என்பதும் கணக்கில் சேரும். இவ்வளவு பாடுபட்டு அரைத்த துவையலில் சிப்ஸை முக்கித் தின்கிற பிள்ளை ஒன்று எங்கள் தெருவில் இருக்கிறது. பேர் சொல்ல மாட்டேன். ஒரு நாளைக்கு 400 கிராம் காய்கறி வேண்டும் என்று ஹைதராபாத் தேசிய ஊட்டச்சத்து நிறுவனம் 2024இல் சொல்லியிருக்கிறது. துவையலில் 150 போயிற்று. முள்ளங்கி, வெள்ளரி, கேரட்டை விரல் நீளத்துக்கு வெட்டித் தொட்டுக்கொண்டால் இன்னொரு 100 சேர்ந்துவிடும். ராத்திரிக்குக் கேழ்வரகுக் களியோ சாமைச் சோறோ வை. இந்த மலையின் மலையாளிப் பழங்குடி மக்கள் காலகாலமாகச் சாப்பிடுகிற சாப்பாடு அது, துவையலுக்கு இட்லியைவிடப் பொருத்தம்.

10. நாளைக்கு என்று எடுத்து வைக்காதே. குளிர் ஊர்தானே, கெடாது என்பார்கள். தேங்காய் சேர்த்தது இங்கேயும் சாயங்காலத்துக்குள் புளித்த வாடை அடிக்கும். ஃப்ரிட்ஜில் வைத்த துவையல் மறுநாள் கெட்டுப் போகாது, ஆனால் வாசனை போய்விடும். வாசனை போனால் நீ உப்பைக் கூட்டுவாய். கூடுதலாகச் செய்துவிட்டால் பக்கத்து அறைக் கதவைத் தட்டு.

எங்கள் பந்தலில் இந்த வாரம் இருபது காய்க்கு மேல் தொங்குகிறது, எனக்கு ஒன்று போதும். வரும்போது ஒரு பை எடுத்துக்கொண்டு வா, கண்ணு.