கடலைச் சேராத ஆறு: லூனி

"ஆறுகள் எங்கே போய்ச் சேரும்?" என்று கேட்டால் மாணவர்கள் தயங்காமல் "கடலில்" என்பார்கள். இந்திய ஆறுகள் வரைபடத்தில் லூனியை விரலால் தொடர்ந்து செல்லச் சொல்லுங்கள். அஜ்மீருக்கு அருகே ஆரவல்லி மலையில் தோன்றும் இந்த ஆறு, தார் பாலைவனம் வழியே தென்மேற்காக ஏறத்தாழ 495 கி.மீ. ஓடி, ரான் ஆஃப் கட்ச் சதுப்பு நிலத்தில் மறைகிறது.

உப்பைக் குறிக்கும் 'லவணம்' என்ற வடசொல்லே பெயருக்கு மூலம். பாலோத்ரா வரை பெரும்பாலும் நன்னீர்; அதன்பின் மண்ணிலுள்ள உப்பு கரைந்து நீர் உவர்க்கிறது. குறைந்த மழைக்கும் மிகுந்த ஆவியாதலுக்கும் இதில் என்ன பங்கு என்பதை மாணவர்களே கண்டறியட்டும்.

பிலாராவுக்கு அருகே 1892இல் ஜோத்பூர் மன்னராட்சியில் ஜஸ்வந்த் சாகர் அணை கட்டப்பட்டது. ஆண்டின் பெரும்பகுதி வெறும் மணலாகக் கிடக்கும் இதே ஆற்றில் 1979 ஜூலையில் பெருவெள்ளம் வந்தது. அந்த அணையும் உடைந்தது. தாவரப் போர்வை குறைந்த நிலத்தில் கனமழை நீர் தேங்கி நிற்காமல் விரைந்து ஓடிவிடும்.

செயல்பாடு: "வறண்ட ஆற்றுப்படுகையில் வீடு கட்டலாமா?" எனக் குழுக்களாக விவாதிக்கச் செய்க. நீர் இல்லாத நாளிலும் அது ஆற்றின் வழிதான் என்ற முடிவுக்கு மாணவர்கள் தாங்களாகவே வந்தால், இப்பாடத்தின் நோக்கம் நிறைவேறிவிடும்.