ஆக்கியோன் பெயர்

ஆசிரியர்காள்! சிறப்புப்பாயிர இலக்கணங் கூறும் நன்னூல், ஆக்கியோன் பெயரை முதற்கண் வைத்தது. உலகிற் பெயரறியப்பட்ட ஆக்கியோருள் மிகப் பழையவராகக் கருதப்படுபவர், கி. மு. 2300 அளவில் ஊர் என்னும் நகரத்துச் சந்திரன் கோயிற் பூசகியாய் விளங்கிய என்கெதுவன்னா என்பார்.

நம் சங்கப் புலவருட் சிலர்க்கு இயற்பெயர் மறைந்தது. குறுந்தொகை 40ஆம் செய்யுளைப் பாடியவர், அதிலுள்ள உவமையாற் செம்புலப்பெயனீரார் எனப்பட்டார். 7ஆம் நூற்றாண்டினராகிய திருஞானசம்பந்தரோ பதிகத்திறுதியாகிய திருக்கடைக்காப்பிலே தம் பெயரைப் பொறித்தருளினார். திருக்கோணமலைப் பதிகத்தும் இதனைக் காண்க. பாட்டுள்ளவரை பெயரும் உண்டு.

மட்டக்களப்பு வாவிக்கரையில் வழங்கும் நாட்டுக்கவிகள் பலவற்றுக்கு இக்காப்பில்லை. ஆதலின், மாணாக்கர் ஒரு கவியை எழுதிவரின், அதனைச் சொல்லிக்கொடுத்தவர் பெயரையும் ஊரையும் உடனெழுதச் செய்க. ஆக்கியோர் பெயர் கிட்டாவிடினும், காத்தோர் பெயரேனும் நிலைபெறும்.