மரமும் கல்லும் சேர்ந்த அரண்மனை

தக்கலை பக்கத்துல இருக்கிற பத்மநாபபுரம் அரண்மனை நம்ம கன்னியாகுமரி மாவட்டத்தில் நிற்கிறது. பராமரிப்பதோ கேரளத் தொல்லியல் துறை. 1956-ல் எல்லை மாறியும் அது மாறவில்லை.

'கேரளக் கட்டடக்கலை'ன்னு ஒரே வார்த்தையில் சொல்லிடறாங்க. தாய்க் கொட்டாரத்துக்கு அது பொருந்தும்: மழை சீக்கிரம் வழிந்தோட நல்ல சரிவான ஓட்டுக்கூரை, மரத்தூண், மர உத்தரம். நவராத்திரி மண்டபத்துக்குள்ள போனா கதையே வேற! கருங்கல் தூண்களில் சிற்பங்கள், மேலே தட்டையான கல் கூரை. அப்படியே தமிழ்நாட்டுக் கோயில் மண்டபம். கல் அமுக்கத்தைத் தாங்கும், இழுவிசைக்கு விரிசல் விடும். அதனால் கல் உத்தரத்துக்கு நீளம் குறைவு, தூண்கள் அதிகம். மரம் இரண்டையும் ஓரளவு தாங்கும். ஆனா ஓடு நழுவி நனைந்தால் உளுத்துப்போகும்.

இந்த அரண்மனையைப் பழுது பார்க்க மரத்தச்சரும் வேணும், கல்தச்சரும் வேணும்.