புத்திர சோகமும் அதனை ஆற்றும் வழிகளும்

பெற்றோருக்குப் பிள்ளை கொள்ளி வைப்பதே உலக வழக்கு. பிள்ளைக்குப் பெற்றோர் இறுதிக் கடன் செய்ய நேரும்போது அந்த வழக்கு தலைகீழாகி விடுகின்றது. இத்துயரைப் "புத்திர சோகம்" என்று தனிப்பெயரிட்டே முன்னோர் வழங்கினர். தசரதச் சக்கரவர்த்தியின் உயிரைக் கொண்டுபோனது இச்சோகமே. அவர் அறியாது எய்த அம்பினால் ஒரே மகனை இழந்த கண்ணில்லாத முதிய தாய் தந்தையர், அதே துயரினால் உயிர் நீத்தனர் என்று இராமாயணம் கூறுகின்றது. பேரரசனையும் காட்டில் வாழ்ந்த ஏழைத் தவசியரையும் ஒரே அளவாக வீழ்த்திய துயர் இது. ஆகவே பிள்ளையை இழந்த ஒருவர் தேறமுடியாமல் இருப்பதைப் பக்திக் குறைவு என்றோ மனவலிமைக் குறைவு என்றோ எண்ணுவது பொருந்தாது.

ஈழத்துச் சைவ மக்களுக்கு இத்துயர் புராணச் செய்தி மட்டுமன்று. 2004 டிசம்பர் 26 ஆம் திகதி, ஞாயிற்றுக்கிழமையும் பூரணையும் கூடிய காலைப்பொழுதில் வந்த கடற்கோள் இலங்கையில் முப்பதாயிரத்துக்கும் மேற்பட்ட உயிர்களைக் கொண்டு சென்றது. முல்லைத்தீவு தொடக்கம் அம்பாறை வரையுள்ள கரையோரக் கிராமங்களில் கையிற் பிடித்திருந்த பிள்ளையை அலை பறித்த தாய்மார் பலர். 2009 மே மாதத்தில் முடிவுற்ற யுத்தம் வேறெத்தனையோ பிள்ளைகளை எடுத்துச் சென்றது. நோயும், வீதி விபத்தும், கிணறும் குளமும் இன்றும் எடுத்துச் செல்கின்றன. ஒவ்வோர் ஊர்க் கோயிலிலும் அர்ச்சனைத் தட்டோடு வரிசையில் நிற்பவர்களுள் இத்துயரைச் சுமப்பவர் ஒருவராவது இருப்பார்.

பெரியபுராணத்தில் இறந்த பிள்ளை மீண்டு வந்த வரலாறுகள் சில உண்டு. சமய வகுப்புகளில் அவை அடியார்களின் அருள் வலிமைக்கு எடுத்துக்காட்டாகவே படிப்பிக்கப்படுகின்றன. அது சரியே. ஆனால் பிள்ளையை இழந்த தாய்க்கு அவ்வரலாறு வேறுவிதமாகக் கேட்கும். "அவர்களுடைய பிள்ளை வந்தது, என்னுடைய பிள்ளை ஏன் வரவில்லை?" என்பதே அவள் நெஞ்சில் எழும் கேள்வி. அக்கேள்விக்கு எவரும் விடை கூற முன்வராதிருப்பதே நன்று. அற்புதத்தை ஒரு பக்கம் வைத்துவிட்டு, அது நிகழ்வதற்கு முன் அந்த வீடுகளில் என்ன நடந்தது என்று பார்த்தால், துயருற்றோருக்கும் அவர்களைச் சூழ்ந்திருப்போருக்கும் பயன்படும் செய்திகள் அங்கே நிறைய உள்ளன.

திங்களூரில் வாழ்ந்த அப்பூதியடிகள் திருநாவுக்கரசு நாயனாரைக் காணுமுன்னரே அவர்மேல் அன்பு பூண்டவர். தண்ணீர்ப் பந்தலுக்கும் பிள்ளைகளுக்கும் அவர் பெயரையே இட்டவர். நாயனார் வீட்டுக்கு அமுதுண்ண எழுந்தருளியபோது, மூத்த மகன் வாழைக் குருத்து அரியச் சென்று பாம்பு தீண்டப்பெற்றான். விஷம் தலைக்கேறுமுன் இலையைத் தாயிடம் சேர்க்கவேண்டுமென்று ஓடிவந்து கொடுத்துவிட்டு வீழ்ந்தான். அடியவர் அமுது செய்வது தடைப்படக் கூடாதென்று பெற்றோர் உடலை மறைத்து வைத்துவிட்டுப் பரிமாற ஆயத்தமாயினர். நாயனார் எல்லோருக்கும் திருநீறு கொடுக்கையில் மூத்த மகனைக் கேட்டார். தந்தையார் நேராக விடை சொல்லாமல், இப்பொழுது அவன் வரக்கூடிய நிலையில் இல்லை என்ற பொருள்படக் கூறினார். அந்தச் சொல் நாயனாருடைய உள்ளத்தில் தடுமாற்றத்தை உண்டாக்கியது. உண்ணாமல் நிறுத்தி, உண்மையைச் சொல்லும்படி வற்புறுத்தினார்.

பிள்ளை உயிர் பெற்றது அதன் பின்னரே. முதலில் நடந்தது, ஒருவர் கேட்டது. பெற்றோர் மறைத்தார்கள். விருந்தாளிக்காகவும் கடமைக்காகவும் முகத்தைச் சரிசெய்து கொண்டார்கள். இன்றும் துக்க வீட்டார் அப்படித்தான் செய்கின்றனர். "இருக்கிறம்" என்ற ஒரு சொல்லோடு தேத்தண்ணீர் கொடுத்து அனுப்பி விடுவர். நாயனாரோ அந்தப் பதிலோடு சாப்பாட்டில் இருந்துவிடவில்லை. துயருற்ற வீட்டுக்குப் போகிறவர்களில் பெரும்பாலோர், பிள்ளையைப் பற்றிக் கேட்டால் தாய் அழுவாள் என்றஞ்சி வேறு கதை பேசுகின்றனர். தாயின் மனத்தில் அந்தப் பிள்ளையைத் தவிர வேறெதுவும் இல்லாதபோது, கேளாதிருப்பதனால் அவளுடைய அழுகை குறைந்துவிடப் போவதில்லை. தனிமையில் அழுவாள், அவ்வளவுதான்.

மயிலாப்பூர்ச் சிவநேசச் செட்டியாரின் வரலாறு இதனினும் நுட்பமானது. மகள் பூம்பாவை மலர் கொய்யச் சென்ற இடத்திற் பாம்பு தீண்டி இறந்தாள். தந்தையார் எலும்பையும் சாம்பலையும் ஒரு குடத்திலிட்டுக் கன்னிமாடத்திலே மெத்தையில் வைத்து, ஆடை அணிகள் சாத்தி, மகள் இருந்தாற் போலவே பேணி வந்தார். பிள்ளையின் பாடசாலைச் சீருடையைத் தோய்க்காமல் மடித்து வைத்திருக்கும் தாயையும், இறந்த மகனின் சைக்கிளை ஒவ்வொரு வெள்ளிக்கிழமையும் துடைத்து வைக்கும் தகப்பனையும் கண்டு "மூளை குழம்பிவிட்டது" என்போர், சிவநேசரை நினைத்துப் பார்க்கவேண்டும். அதனைப் பைத்தியம் என்று சேக்கிழார் எழுதவில்லை.

அங்கு வந்த திருஞானசம்பந்தர் பாடிய பதிகம் மயிலாப்பூர்த் திருவிழாக்களை ஒவ்வொன்றாகச் சொல்கின்றது. ஐப்பசி ஓணம், கார்த்திகை விளக்கீடு, திருவாதிரை, தைப்பூசம், மாசிக் கடலாட்டு, பங்குனி உத்திரம் என்று வரிசையாகக் கூறி, இவற்றைக் காணாமலே போய்விடுவாயோ என்று பாட்டுத்தோறும் பூம்பாவையைப் பெயர் சொல்லி வினவுகின்றது. பிள்ளையை இழந்த வீட்டில் ஆண்டு எப்படி நகர்கின்றது என்பதை இதனினும் சரியாகக் கூறுவது கடினம். தைப்பொங்கல் வரும், அந்தப் பிள்ளை கோலம் போட இராது. கொடியேறும், தேர் இழுக்கும்போது தோளிலிருந்து பார்க்கும் பிள்ளை இராது. முதலாண்டில் ஒவ்வொரு விழாவும் ஒரு புதிய செத்தவீடாகவே அவ்வீட்டாருக்கு அமையும். பூம்பாவையின் பெயர் அங்கே திரும்பத் திரும்பச் சொல்லப்பட்டது என்பதும் கவனிக்கத்தக்கது. இறந்த பிள்ளையின் பெயரை வீட்டில் உச்சரிக்கக் கூடாதென்று சில குடும்பங்களில் ஒரு வழக்கம் தலையெடுத்துள்ளது. அதற்குச் சைவத்தில் ஆதாரம் தேடுவது வீண்.

சுந்தரமூர்த்தி நாயனார் அவிநாசியில் கண்டதும் இவ்வகையானதே. ஒரே வயதுடைய இரு சிறுவர் மடுவிலே குளிக்கச் சென்றனர். ஒருவனை முதலை விழுங்கிற்று, மற்றவன் தப்பினான். ஆண்டுகள் சென்றன. நாயனார் அவ்வீதியால் வரும்போது தப்பிய பையனுக்கு உபநயனம் நடந்து மங்கல ஒலி கேட்டது. எதிர்வீட்டில் அழுகை கேட்டது. "இத்தனை வருடமாகியும் இன்னுமா அழுகிறார்கள்?" என்று ஊரார் நினைத்திருக்கக்கூடும். ஆனால் அன்று அழுகை எழுந்ததற்குக் காரணம் எதிர்வீட்டு மேளமே. கூடப் படித்த பிள்ளைகளுக்குப் புலமைப்பரிசில் பெறுபேறு வரும் நாளும், ஒத்த வயதுப் பெண்பிள்ளைக்குப் பூப்புனித நீராட்டு நடக்கும் நாளும் பழைய புண்ணைக் கீறிவிடும். விழாச் செய்வோரிடத்தில் தவறில்லை. ஆயினும் அன்று மாலை யாராவது எதிர்வீட்டுப் படியேறி இருந்துவிட்டு வந்தால் அது பெரிய உபகாரம்.

சிறுத்தொண்ட நாயனார் வரலாற்றைப் பற்றி ஒரு சொல். அவர் மனமுவந்து செய்ததையும், விபத்திலோ நோயிலோ பிள்ளையைப் பறிகொடுத்தவரின் நிலையையும் ஒப்பிட்டு, "அவர் சீராளனையே கொடுத்தாரே" என்று துக்க வீட்டிற் பேசுவது கொடுமை.

இனித் தத்துவத்தின் வழி வரும் ஆறுதல். ஸ்ரீமத் பாகவதம் ஆறாம் ஸ்கந்தத்தில் சித்திரகேது மன்னன் கதை உண்டு. நெடுங்காலம் பிள்ளையில்லாதிருந்து ஆங்கிரச முனிவரின் அருளால் ஒரு மகனைப் பெற்றான். பொறாமை கொண்ட மற்றைய மனைவியர் குழந்தைக்கு நஞ்சூட்டினர். அரசனும் அரசியும் நினைவிழந்து புலம்பியபோது ஆங்கிரசரும் நாரதரும் வந்தனர். நாரதர் பிரிந்த உயிரை அழைத்து, பெற்றோரிடம் திரும்பி வருமாறு கேட்டார். அவ்வுயிரோ, எத்தனையோ பிறவி எடுத்த தனக்கு இவர்கள் எந்தப் பிறவியின் தாய் தந்தையர் என்று கேட்டுவிட்டு நீங்கியது. அதன்பின் மன்னன் தெளிவடைந்தான் என்று கதை செல்கின்றது.

உயிர் அழிவதில்லை, உடம்போடு வந்த உறவு வினைக்கேற்பக் கூடிப் பிரிவது என்ற சைவசித்தாந்தக் கருத்துக்கும் இது இயைந்ததே. பலர் இதனால் ஆறுதல் பெற்றுள்ளனர். ஆனால் மருந்துக்கும் வேளை உண்டு. சுடலையிலிருந்து திரும்பிய அன்றே "எல்லாம் கர்மவினை" என்று சொன்னால், "என் வினையினால்தான் பிள்ளை செத்ததோ" என்றே தாய்க்குப் படும். ஏற்கனவே அவள் மனம் "அன்றைக்கு நான் விடாமல் இருந்திருந்தால்", "ஒரு நாள் முந்தி வைத்தியரிடம் காட்டியிருந்தால்" என்று தன்னையே குற்றஞ்சாட்டிக் கொண்டிருக்கும். வினைக் கொள்கை ஒருவர் தம் வாழ்வைத் தாமே எண்ணிப் பார்ப்பதற்குரியது. அடுத்தவர் வீட்டுச் சாவுக்குத் தீர்ப்புச் சொல்வதற்குரியதன்று. தத்துவத்தைத் துயருற்றவர் தாமாகத் தேடி வரும்போது சொல்லலாம். அதுவரை அருகில் இருப்பதே போதும்.

முன்னோர் வகுத்த கிரியைகள் இவ்விடத்திலேயே துணைக்கு வருகின்றன. காடாற்று, எட்டுச்செலவு, 31 ஆம் நாள் அந்தியேட்டி, ஆட்டைத் திவசம் என்று நாட்களைக் குறித்து வைத்ததனால், என்ன செய்வதென்று தெரியாமல் இருப்பவருக்கு அடுத்துச் செய்ய ஒரு காரியம் கிடைக்கின்றது. உறவும் அயலும் அந்நாட்களில் மீண்டும் வீட்டுக்கு வருகின்றன. அழுவதற்கென்றே ஓர் இடத்தையும் ஒப்பாரி கொடுத்தது. மூத்த பெண்கள் கட்டிப்பிடித்து ஒப்பாரி வைத்து அழுத காலத்தில் துக்கம் வாய்வழி வெளியே வந்தது. இன்று அது நாகரிகக் குறைவு என்று அடங்கிவிட்டது. போரினால் உளப்பாதிப்புற்றோரை யாழ்ப்பாணத்தில் நெடுங்காலம் பராமரித்த உளமருத்துவப் பேராசிரியர் தயா சோமசுந்தரம் அவர்களும், இத்தகைய பாரம்பரியச் சடங்குகள் மன ஆறுதலுக்கு உதவுவதை எடுத்துக் காட்டியுள்ளார்.

இங்கே ஒரு குறையும் உண்டு. சிறு குழந்தை இறந்தால் தகனம் செய்யாது அடக்கம் செய்வதும், கிரியைகளைச் சுருக்குவதும் வழக்கம். பிறந்தவுடன் இறந்த பிள்ளைக்குப் பெரும்பாலும் ஒன்றுமே நடப்பதில்லை. சாத்திரம் பச்சிளம் உயிருக்குக் கிரியை குறைவு என்றதேயன்றித் தாய்க்குத் துயர் குறைவு என்று சொல்லவில்லை. பத்து மாதம் சுமந்து வெறுங்கையோடு வைத்தியசாலையிலிருந்து வரும் பெண்ணிடம் "இன்னொன்று பிறக்கும்" என்று சொல்லிவிட்டு ஊர் கலைந்து போகின்றது. அவளுக்காகக் கோயிலில் ஒரு நெய்விளக்கு ஏற்றவோ, தாயும் தகப்பனும் இருந்து தேவாரம் ஓதவோ எந்த ஆகமமும் தடையன்று.

காணாமற்போன பிள்ளைகளின் பெற்றோர் நிலை இன்னும் கடினமானது. உடல் கிடையாதவிடத்துத் தர்ப்பையினால் உருவமைத்துக் கிரியை செய்ய விதி உண்டு. ஆனால் பிள்ளை உயிரோடிருக்கிறது என்று நம்பும் தாய் அதற்கு உடன்படமாட்டாள். 2017 பெப்ரவரியில் கிளிநொச்சியில் இத்தகைய குடும்பத்தினர் தமது போராட்டத்தைத் தொடங்கி அமர்ந்தது கந்தசுவாமி கோயில் முன்றலிலேயே. அந்தியேட்டி செய்யும்படி அவர்களை நெருக்குவதும், செய்தவர்களை நம்பிக்கை இழந்தவர் என்று பழிப்பதும் இரண்டும் வேண்டாதவை. பிள்ளையின் நட்சத்திரத்தில் அர்ச்சனை செய்ய விரும்பினால், பெயரையும் நட்சத்திரத்தையும் கேட்டு அர்ச்சனை செய்து கொடுப்பதே அர்ச்சகரின் பணி.

தாயும் தகப்பனும் ஒரே விதமாகத் துயருறுவதில்லை என்பதையும் குடும்பத்தார் அறிந்திருத்தல் வேண்டும். தாய் பேசிப்பேசி அழுவாள். தகப்பன் தோட்டத்திலோ கடையிலோ போய் ஒளித்துக்கொள்வான், சிலர் குடியில் விழுவர். "உமக்குக் கவலையே இல்லை" என்று அவளும், "அழுதால் வந்துவிடுமோ" என்று அவனும் முரண்படுவதனால் பிரிந்த குடும்பங்களும் உண்டு. மிஞ்சிய பிள்ளைகளைப் பெரும்பாலும் எவரும் கவனிப்பதில்லை. அம்மா அழுவாள் என்று தம்பியின் பெயரைச் சொல்லாமல் இருக்கும் பத்து வயது அக்காவுக்கும் ஒரு துக்கம் உண்டு. அவளையும் மடியில் இருத்திப் பேசவேண்டும்.

பெரும்பாலானோர் காலப்போக்கில் சோகத்தோடே வாழப் பழகிக்கொள்கின்றனர். சிலரால் முடிவதில்லை. பல மாதங்கள் சென்றும் உண்ண, உறங்க, வேலை செய்ய முடியாமல் இருப்பதை இன்று மருத்துவ உலகம் ஒரு நோயாகவே ஏற்றுக்கொண்டுள்ளது. 2022 முதல் நடைமுறையிலுள்ள உலக சுகாதார நிறுவனத்தின் நோய்ப் பட்டியலிலும் அது இடம்பெற்றுள்ளது. "பிள்ளையிடமே போய்விடுகிறேன்" என்ற பேச்சு வந்தால் அதனை வெறும் புலம்பல் என்று விடாது, அவரைத் தனியே இருக்க விடாமல், அரசாங்க வைத்தியசாலையின் உளநலப் பிரிவுக்கு உடனே அழைத்துச் செல்லவேண்டும். 1926 என்ற தேசிய உளநல உதவித் தொலைபேசி இலக்கமும் உண்டு. நேர்த்தி வைப்பதும் வைத்தியரிடம் போவதும் ஒன்றுக்கொன்று பகையல்ல.

மயிலாப்பூர்க் கபாலீச்சரத்தில் பூம்பாவைக்குத் தனிச் சந்நிதி உண்டு. ஆண்டுதோறும் பங்குனிப் பெருவிழாவின் எட்டாம் நாள், மாலையில் அறுபத்துமூவர் வீதியுலா வருமுன்னர், காலையில் அவள் உயிர்பெற்றெழுந்த காட்சி நடத்தப்படுகின்றது. அன்று அவளுடைய பெயர் ஊரறியச் சொல்லப்படுகின்றது. ஈழத்து ஊர்க் கோயில்களிலும் பிள்ளையின் பிறந்த நாளிலோ திதியிலோ ஒரு நாட் பூசையை உபயமாக ஏற்று, அப்பிள்ளையின் வயதுடைய சிறுவருக்குச் சர்க்கரைப் பொங்கல் பரிமாறும் பெற்றோர் இருக்கின்றனர். அன்று ஓரிரு பிள்ளைகள் இரண்டாம் முறையும் இலையை நீட்டும்போது, பரிமாறும் தாய் அகப்பையை நிறைத்தே போடுவாள்.