இரு மொழி போற்றிய இயக்குநர்

நுழையும்முன்

வீட்டில் தமிழ், கடைத்தெருவில் கன்னடம், வகுப்பறையில் இந்தியும் ஆங்கிலமும். தங்கவயலில் வாழும் உங்களுக்கு இஃது அன்றாட வழக்கம். "இத்தனை மொழிகளுக்கிடையே தமிழையும் ஏன் கற்க வேண்டும்?" என்னும் வினா உங்களுள் சிலர்க்கு எழுந்திருக்கலாம். இதே கோலார் மாவட்டத்தில் பிறந்த ஒரு கலைஞரின் வாழ்க்கையை அறிந்தபின், அவ்வினாவிற்கு நீங்களே விடை காணுங்கள்.

பாடம்

அக்கலைஞர் பி. ஆர். பந்துலு. இவர் 1910ஆம் ஆண்டு, அன்றைய மைசூர் அரசிற்கு உட்பட்டிருந்த கோலார் மாவட்டத்துச் சிற்றூர் ஒன்றில் பிறந்தார். நாடக மேடையே இவருக்குக் கலை பயிற்றிய பள்ளி. குப்பி வீரண்ணாவின் புகழ்பெற்ற நாடகக் குழுவிலும் நடித்தார். 1936இல் வெளிவந்த 'சம்சார நௌகா' என்னும் கன்னடப் படத்தில் கதைத்தலைவனாகத் திரையில் தோன்றினார்.

பின்னர்ச் சென்னையில் பத்மினி பிக்சர்ஸ் என்னும் நிறுவனத்தை நிறுவித் தயாரிப்பாளராகவும் இயக்குநராகவும் உயர்ந்தார். 1958இல் இவர் இயக்கிய 'ஸ்கூல் மாஸ்டர்' என்னும் கன்னடப் படத்தில், நேர்மை தவறாத ஆசிரியராக இவரே நடித்தார். பெற்ற பிள்ளைகள் கைவிட்ட அவ்வாசிரியருக்கு, முன்னாள் மாணவர் ஒருவர் கைகொடுக்கிறார். அம்மாணவராகச் சிறப்புத் தோற்றத்தில் நடித்தவர் சிவாஜி கணேசன்.

1959இல் அதே சிவாஜி கணேசனை நாயகனாகக் கொண்டு 'வீரபாண்டிய கட்டபொம்மன்' படத்தைத் தமிழில் இயக்கினார். 1960இல் கெய்ரோவில் நடைபெற்ற ஆப்பிரிக்க-ஆசியத் திரைப்பட விழாவில், அப்படத்திற்காகச் சிவாஜி கணேசன் சிறந்த நடிகர் விருது பெற்றார்.

1961ஆம் ஆண்டு பந்துலுவின் வாழ்வில் குறிப்பிடத்தக்கது. ஆங்கிலேயரை எதிர்த்துக் கப்பல் விட்ட வ. உ. சிதம்பரனாரின் வரலாற்றைக் 'கப்பலோட்டிய தமிழன்' எனத் தமிழில் தந்தார். ஆங்கிலேயரை எதிர்த்து வாளேந்திய அரசியின் வரலாற்றைக் 'கித்தூர் சென்னம்மா' எனக் கன்னடத்தில் தந்தார். தூத்துக்குடியின் தியாகத்தைத் தமிழர்க்கும், கித்தூரின் வீரத்தைக் கன்னடர்க்கும் அவரவர் மொழியிலேயே எடுத்துரைத்தார். இவற்றுள் எதனையும் அவர் அயலார் கதையாகக் கருதவில்லை.

'கப்பலோட்டிய தமிழன்' வெளியான காலத்தில் போதிய வருவாய் ஈட்டவில்லை. எனினும் பந்துலு தளரவில்லை. 1964இல் பெரும்பொருட்செலவில் 'கர்ணன்' படத்தை உருவாக்கினார். ஏறத்தாழ அரை நூற்றாண்டிற்குப் பின், 2012இல் புதுப்பிக்கப்பட்டு மீண்டும் வெளியானபோது, அப்படத்தைக் காண மக்கள் திரண்டனர். 1965இல் எம்.ஜி.ஆர். நடிப்பில் 'ஆயிரத்தில் ஒருவன்' படத்தை இயக்கினார்.

1970இல் 'ஸ்ரீ கிருஷ்ணதேவராயா' என்னும் கன்னடப் படத்தை இயக்கியதுடன், அமைச்சர் திம்மரசுவாகவும் நடித்தார். 1974இல் 'மதுரையை மீட்ட சுந்தரபாண்டியன்' படப்பணி முற்றுப்பெறும் முன்னரே காலமானார். எஞ்சிய பகுதியை எம்.ஜி.ஆர். இயக்கி நிறைவுசெய்தார். பந்துலுவின் மகள் பி. ஆர். விஜயலட்சுமியும் திரைத்துறையில் ஒளிப்பதிவாளராகத் தடம் பதித்தார்.

மாணவர்களே! சுரங்கத்தில் உழைப்பதற்காக உங்கள் முன்னோர் தமிழகத்திலிருந்து இங்கு வந்தனர். பந்துலுவோ இம்மாவட்டத்திலிருந்து சென்னைக்குச் சென்றார். அவர் தமிழில் படைத்ததனால் அவரது கன்னடம் குறைந்துவிடவில்லை. நீங்கள் கன்னடம் பேசுவதனாலும் உங்கள் தமிழ் குறைந்துவிடாது. பயிலாது விட்டால்தான் குறையும். சுரங்கம் 2001இல் மூடப்பட்டது. முன்னோர் கொண்டுவந்த மொழியோ உங்கள் நாவில் இன்றும் வாழ்கிறது. அதனைப் படிக்கவும் எழுதவும் கற்றுக் காப்பது உங்கள் கடமை.

சொற்பொருள்

அயலார் – வேற்றார்
ஈட்டுதல் – சம்பாதித்தல்
தளர்தல் – சோர்தல்
எஞ்சிய – மீதமுள்ள

பயிற்சி

1. 'ஸ்கூல் மாஸ்டர்' படத்தில் பந்துலு ஏற்ற வேடம் யாது?
2. 1961ஆம் ஆண்டு பந்துலுவின் வாழ்வில் குறிப்பிடத்தக்கது ஏன்?
3. பிரித்து எழுதுக: பொருட்செலவு, வாளேந்திய.
4. உங்கள் குடும்பத்தார் எவ்வூரிலிருந்து, எத்தொழிலுக்காகத் தங்கவயலுக்கு வந்தனர்? தாத்தா பாட்டியிடம் கேட்டறிந்து ஐந்து தொடர்களில் எழுதுக.