சுடாத சுடர்

நள்ளிரவில் புற்றை விட்டு வெளிவரும் முதிய நாகம், தன் தலைக்குள் நெடுங்காலம் வளர்ந்த மணியைப் புல்லின்மேல் கக்கி வைக்கிறது. அம்மணியின் ஒளியில் இரை தேடி உண்டபின், அதை மீண்டும் விழுங்கிக்கொண்டு புற்றுக்குத் திரும்புகிறது. தமிழகத்துச் சிற்றூர்களில் பாட்டிமார் பேரப்பிள்ளைகளுக்குச் சொல்லிவந்த கதை இது. மரத்தின்மேல் ஒளிந்திருந்தவன் மணியின்மேல் சாணத்தைப் போட்டு மறைத்தான். ஒளியை இழந்த நாகம் தலையை மோதி மாண்டது என்று சிலர் கதையை முடிப்பர்.

பாம்பின் தலையில் மணி எதுவும் விளைவதில்லை. ஆயினும் எண்ணெயும் திரியும் இன்றி, தொட்டால் சுடாமல், இருளில் தானே ஒளிரும் பொருள் ஒன்று உலகில் உண்டு. அது மின்மினியின் வயிற்று நுனியில் இருக்கிறது. புற்றின்மேல் மின்மினிகள் மொய்த்திருக்கும் காட்சியை அகநானூற்றுப் பாடல் ஒன்று காட்டுகிறது. நாகமணிக் கதையும் அத்தகைய ஒரு புற்றைக் கண்டவரிடம் பிறந்ததோ என்று எண்ணத் தோன்றுகிறது.

பெங்களூரின் தென்கிழக்கே ஓசூர்ச் சாலையில் உள்ள ஹெப்பகோடியில் வளரும் தமிழ்ப் பிள்ளைகளுக்கு இப்பூச்சியின் பெயர் இரு மொழிகளில் கிடைக்கும். கன்னடத்தில் இது ‘மிஞ்சுஹுளு’. மிஞ்சு என்பது மின்னல். ஹுளு என்பது புழு. தமிழில் பகரத்தில் தொடங்கும் சொற்கள் பல கன்னடத்தில் ஹகரத்தில் தொடங்கும். பால் ‘ஹாலு’ ஆவதும் பல் ‘ஹல்லு’ ஆவதும் அவ்வாறே. பூச்சியைப் புழு என்றதும் பிழையன்று. ஈரமண்ணில் நத்தைகளைத் தின்று வளரும் மின்மினியின் புழுவும் ஒளிரும்.

இவ்வொளி எங்கிருந்து வருகிறது? பிரெஞ்சு அறிஞர் ரஃபாயேல் டுபுவா, ஒளிரும் வண்டுகளையும் பின்னர் ஒளிரும் கடற்சிப்பிகளையும் கொண்டு இதை ஆராய்ந்தார். ஒளிரும் உறுப்பை அரைத்துக் குளிர்ந்த நீரில் கலந்தார். கலவை சிறிது நேரம் ஒளிர்ந்து அணைந்தது. மற்றொரு பகுதியைச் சுடுநீரில் கலந்தார். அது ஒளிரவே இல்லை. அணைந்த கலவையையும் ஒளிராத கலவையையும் ஒன்றாக ஊற்றியபோது மீண்டும் ஒளி எழுந்தது! ஒளிக்கு இரண்டு பொருள்கள் வேண்டும் என்பது இதனால் புலனாயிற்று. எரிபொருள்போல் செலவாகும் பொருளுக்கு லூசிஃபெரின் என்றும், அதை உயிர்வளியுடன் சேரத் தூண்டும் நொதிக்கு லூசிஃபெரேஸ் என்றும் 1887 ஆம் ஆண்டில் அவர் பெயரிட்டார். குளிர்நீரில் லூசிஃபெரின் தீர்ந்து நொதி எஞ்சியது. சுடுநீரில் நொதி அழிந்து லூசிஃபெரின் எஞ்சியது. பழைய குண்டு பல்பு தான் பெறும் மின்னாற்றலில் பெரும்பகுதியை வெப்பமாக இழக்கும். மின்மினியோ வெப்பம் ஏறக்குறைய இன்றியே ஒளி தருகிறது.

இவ்வாய்வின் அடுத்த படியில் சிறுவர்களுக்கும் பங்குண்டு. 1947 ஆம் ஆண்டில் அமெரிக்காவின் பால்டிமோர் நகரில் வில்லியம் மெக்எல்ராய் என்னும் அறிஞர், நூறு மின்மினிகளுக்கு 25 சென்ட் தருவதாக அறிவித்தார். பிள்ளைகள் பிடித்துத் தந்த பூச்சிகளைக் கொண்டு, எல்லா உயிரணுக்களிலும் ஆற்றலை வழங்கும் ஏ.டி.பி. என்னும் பொருள் இல்லாமல் மின்மினி ஒளிராது என்று மெய்ப்பித்தார். உணவுத் தொழிற்சாலைகளில் பாத்திரம் தூய்மையாக உள்ளதா என்று அறிய இன்று இதுவே உதவுகிறது. துடைத்தெடுத்த பஞ்சில் கிருமியோ உணவுத் துணுக்கோ இருந்தால், அதிலுள்ள ஏ.டி.பி. லூசிஃபெரேஸுடன் கூடி ஒளிரும்.

நொதி என்பது ஹெப்பகோடிக்குப் புதிதன்று. 1978 ஆம் ஆண்டில் கிரண் மஜும்தார் ஷா தொடங்கிய பயோகான் நிறுவனம், தொடக்கக் காலத்தில் பப்பாளிப் பாலிலிருந்து பப்பேயின் என்னும் நொதியைப் பிரித்தெடுத்தது. அதன் வளாகம் இவ்வூரில் இருக்கிறது.

நொதியை அறிந்த ஊரில் மின்மினி வாழ்வதோ கடினம். ஆண் பூச்சி பறந்தபடியே ஒளியை விட்டுவிட்டுக் காட்டும். புல்லில் அமர்ந்திருக்கும் பெண் பூச்சி தன் ஒளியால் மறுமொழி தரும். இவ்வுரையாடலுக்கு இருள் வேண்டும். ஓசூர்ச் சாலையின் விளக்குகளும் பொம்மசந்திரத் தொழிற்பேட்டையின் மதில் விளக்குகளும் விடியும்வரை எரிகின்றன. 2025 ஆம் ஆண்டு முதல் மெட்ரோ நிலையத்தின் விளக்குகளும் அவற்றோடு சேர்ந்துள்ளன. இரவுப் பணிக்குச் செல்வோருக்கு இவ்விளக்குகள் காவல். மின்மினிக்கோ இவை பெருங்கூச்சல். அந்த வெளிச்சத்தில் ஆண் பூச்சியின் அழைப்பு பெண் பூச்சியை எட்டுவதில்லை. இருள் காக்கப்பட்ட ஆனைமலைப் புலிகள் காப்பகத்தில், 2022 ஆம் ஆண்டில் மரங்கள் முழுவதும் எண்ணற்ற மின்மினிகள் ஒருசேர ஒளிர்ந்து அணைந்ததைப் பலர் வியந்து எழுதினர்.

ஹெப்பகோடிப் பிள்ளை ஒருவர் மின்மினியை முதன்முதலாகக் காண்பது, விடுமுறையில் பாட்டி வீட்டுக்குச் செல்லும்போதாக இருக்கலாம். மழை பெய்து ஓய்ந்த இரவில், கிணற்றடிப் புதரில் பச்சை நிறப் புள்ளிகள் தோன்றி மறையும். ஒன்றை மெல்லப் பிடித்து உள்ளங்கையில் வைத்தால், விரல் இடுக்கில் ஒளி கசியும், கை சுடாது. பின்னர் விரல்களை விரித்தால் அது பறந்துபோய், புல்லிலிருந்து வரும் மறுமொழியைத் தேடும்.

பயிற்சி

1. டுபுவாவின் இரண்டு கலவைகளும் தனித்தனியே ஒளிராமல், சேர்ந்தபோது ஒளிர்ந்தது ஏன்?

2. தமிழில் பகரத்திலும் கன்னடத்தில் ஹகரத்திலும் தொடங்கும் சொல் இணைகள் மூன்றைக் கன்னடம் பேசும் தோழரிடம் கேட்டு எழுதுக.

3. நாகமணிக் கதையை வீட்டுப் பெரியவர் ஒருவரிடம் கேட்டு, அவர் சொன்ன முடிவை ஐந்து வரிகளில் எழுதுக.