நில அளவைப் பிழையும் நில உரிமையும்

பதிவேட்டில் 4 ஏக்கர் என்று குறிக்கப்பட்டுள்ள ஒரு வயலை இன்றைய நுட்பமான கருவி கொண்டு அளக்கும்போது 4 ஏக்கரும் 3¼ குண்டாவும் இருப்பதாகத் தெரியவருகிறது என்று கொள்வோம். இந்த மிகுதி அண்டை நிலத்தாரிடமிருந்து கவரப்பட்டது என்றே பலரும் கருதுவர்; வழக்கும் பிறக்கும். ஆனால் எவரும் எதையும் கவராமலேயே இத்தகைய மிகுதி ஏற்படக்கூடும்.

1830-களில் பூனா ஜில்லாவின் இந்தாபூர் தாலுகாவில் கோல்ட்ஸ்மிட், விங்கேட் ஆகிய அதிகாரிகள் வகுத்த நில அளவை முறை, பின்னர் பம்பாய் மாகாணத்தின் பிற பகுதிகளுக்கும் பரவியது. 33 அடிச் சங்கிலியே அதன் அடிப்படை. அது 16 அணாக்களாகப் பகுக்கப்பட்டிருந்தது. ஒரு சங்கிலி நீளமும் ஒரு சங்கிலி அகலமும் உடைய பரப்பு ஒரு குண்டா, அதாவது 1,089 சதுர அடி. 40 குண்டாக்கள் கொண்டது ஓர் ஏக்கர்.

இரும்புச் சங்கிலி நாள்தோறும் இழுபடுவதால் அதன் வளையங்கள் தேய்ந்தும் விரிந்தும் நீளும். அது 4 அங்குலம் நீண்டுவிட்டதாகக் கொள்வோம். இத்தகைய சங்கிலியால் 16 சங்கிலி நீளம், 10 சங்கிலி அகலம் என அளக்கப்பட்ட வயல் 160 குண்டா, அதாவது 4 ஏக்கர் என்று பதிவாகும். உண்மையிலோ நீளமும் அகலமும் தனித்தனியே நூற்றுக்கு ஒரு பங்கு மிகுதி. ஆகவே பரப்பு நூற்றுக்கு ஏறத்தாழ இரண்டு பங்கு மிகுதியாகி, 163¼ குண்டா ஆகிறது. மேலே கூறிய 3¼ குண்டா இதுவே.

படத்திலிருந்தும் பிழை பிறக்கும். ஓர் அங்குலத்திற்கு 660 அடி என்ற அளவில் வரையப்பட்ட கிராமப் படத்தில், அங்குலத்தின் ஐம்பதில் ஒரு பங்கு கனமுள்ள கோடு நிலத்தில் 13 அடிக்கும் மேற்பட்ட அகலத்தை மறைத்துவிடும். அப்படத்தின்மேல் அளவுகோலை வைத்து வேலியின் இடத்தை நிர்ணயிப்பது தவறாகும்.

அளவைப் பிழையையும் ஆக்கிரமிப்பையும் பிரித்தறிவது எவ்வாறு? தகராறுக்குரிய வயலை மட்டும் அளந்தால் போதாது; சுற்றியுள்ள நிலங்களையும், பழைய எல்லைக்கற்களில் தொடங்கி, அளத்தல் வேண்டும். எல்லா நிலங்களும் ஏறத்தாழ ஒரே விகிதத்தில் மிகுந்தோ குறைந்தோ காணப்படின், குறை பெரும்பாலும் பழைய அளவையினுடையது. ஒரு நிலம் மிகுந்து, அதை ஒட்டிய நிலம் அதே அளவு குறைந்திருப்பின், எல்லை நகர்ந்திருக்கக்கூடும் என்று ஐயுறலாம்.

சட்டமும் இப்பகுப்பிற்கு இடமளிக்கிறது. அரசாங்க அதிகாரத்தின்கீழ் வரையப்பட்ட படம் சரியானது என்று நீதிமன்றம் அனுமானிக்கும். ஆயின் அந்த அனுமானம் தகுந்த சாட்சியத்தால் மறுக்கப்படக்கூடியதே. வழக்குக்கென்று வரையப்பட்ட படமோ சரியானதென நிரூபிக்கப்பட வேண்டும். 1908-ஆம் ஆண்டின் சிவில் நடைமுறைச் சட்டத்தின்படி, நேரில் சென்று ஆராயக் கமிஷனரை நீதிமன்றம் நியமிக்கலாம். பத்திரத்தில் கூறிய நான்கெல்லைகளும் பரப்பளவும் முரண்படின், ஐயமற்ற எல்லைகளுக்கே பொதுவாக முதன்மை அளிக்கப்படுகிறது. வருவாய்ப் பதிவேட்டில் பெயரிருப்பது மட்டும் உரிமையை உண்டாக்குவதில்லை.

எனினும் எல்லை உண்மையாகவே நகர்ந்திருப்பின் காலந்தாழ்த்துதல் தகாது. 1963-ஆம் ஆண்டின் காலவரம்புச் சட்டப்படி, உரிமையாளருக்கு எதிரான அனுபோகம் தொடங்கிய நாளிலிருந்து 12 ஆண்டுகளுக்குள் அவர் வழக்குத் தொடராவிடில், நிலத்தை மீட்கும் உரிமையே அழிந்துபோகும்.

செயற்கைக்கோள் உதவியுடன் சில சென்டிமீட்டர் நுட்பத்திற்கு இன்று நிலத்தை அளக்கலாம். கருவி நுட்பமாகுந்தோறும் பழைய எண்ணுக்கும் புதிய எண்ணுக்கும் உள்ள வேறுபாடு தெளிவாக வெளிப்படும். அவ்வேறுபாடு யாருக்குரியது என்பதைக் கருவி கூறாது. ஆகவே, புதிய அளவையின்போது இருபக்கத்தாரும் உடனிருந்து, கற்களைப் பார்த்து, எல்லையை முதலில் ஒப்புக்கொள்ளுதல் நலம். பரப்பளவை அதன் பின்னர்க் கணக்கிட்டுக்கொள்ளலாம்.